"எந்தப் படத்தில கா வந்த நீ?": சுயாதீன சினிமா நடிகை என்பவர் யார்?

மட்டக்களப்பு மாவட்டத்துக் களுவாஞ்சிகுடியில் ஒரு கலியாண வீடு. என் அக்காவின் மகளும் வந்திருந்தாள். கல்லடியில் சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் நாடகம் படிக்கிறாள், இரண்டு குறும்படங்களில் நடித்திருக்கிறாள். பந்தியில் பக்கத்தில் இருந்த பெரியம்மா ஒருவர், "நீ நடிக்கிறயாமே, எந்தப் படத்தில கா வந்த நீ?" என்று கேட்டார். இவள் பெயரைச் சொன்னாள். "எந்தத் தியேட்டர்ல ஓடினது?" எங்கும் ஓடவில்லை. "டீவியில?" அதுவும் இல்லை. பெரியம்மா சோற்றைப் பிசைந்தபடியே, "மறுகா என்ன கா நடிகை?" என்றார். எங்கள் பேச்சில் 'மறுகா' என்றால் 'பிறகு'.

திரும்பி வரும்போது மோட்டார் சைக்கிளில் பின்னால் இருந்தவள், "மாமா, அவ கேட்டது நியாயம்தானே?" என்றாள். நியாயமான கேள்விதான். நாங்கள் நடிகை என்று சொல்லிப் பழகியிருப்பது தியேட்டரில் வரும் முகத்தைத்தான். தியேட்டருக்கு வராத படத்தில் நடிப்பவரை என்னவென்று சொல்வது? அந்தப் படங்களை எடுப்பது யார்? அதில் நடிக்கும் பெண் எப்படிப் பிழைக்கிறாள்? அன்று தெருவில் பாதியும் அக்கா வீட்டு விறாந்தையில் மீதியுமாக அவளுக்குச் சொன்னதை இங்கே கொஞ்சம் ஒழுங்குபடுத்தி எழுதுகிறேன்.

முதலில் 'சுயாதீனம்' என்ற சொல். எதிலிருந்து சுயாதீனம்? பலர் நினைப்பதுபோல் கதையிலிருந்தோ பாட்டுச் சண்டையிலிருந்தோ அல்ல, பணம் வரும் வழியிலிருந்து. வழக்கமான தமிழ்ப் படம் ஒன்று எடுத்து முடிவதற்குள்ளேயே பாதி விற்றுவிடும். இன்ன நாயகன், இன்ன நாயகி என்று அறிவித்த உடனேயே விநியோகஸ்தர் விலை பேசுவார், தொலைக்காட்சி உரிமைக்கு ஒரு தொகை வரும், பாட்டுக்கு ஒரு தொகை வரும். ஆகவே அங்கே நடிகையைத் தெரிவு செய்வது இயக்குநர் மட்டுமல்ல. "இந்த முகத்துக்கு எவ்வளவு போகும்?" என்ற கணக்கும் அவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து தெரிவு செய்கிறது.

சுயாதீனப் படத்தில் அந்த முன்விற்பனை இல்லை. இயக்குநர் தன் சேமிப்பைப் போடுவார், கூட்டாளிகளிடம் கேட்பார், வெளிநாட்டிலுள்ள உறவினரிடம் கேட்பார். கொஞ்சம் அனுபவமும் ஆங்கிலத்தில் திட்டம் எழுதும் திறமையும் இருந்தால், ரொட்டர்டாம் திரைப்பட விழாவின் ஹூபர்ட் பால்ஸ் நிதி, பெர்லின் விழாவோடு சேர்ந்த உலக சினிமா நிதி போன்றவற்றுக்கு விண்ணப்பிப்பார். முகத்தைக் காட்டி விற்க வேண்டிய கட்டாயம் இல்லாதபடியால், யாருக்கும் தெரியாத ஒரு பெண்ணை முக்கிய பாத்திரத்தில் போடத் துணியலாம். புதிய நடிகை உள்ளே வருவது அந்தக் கதவால்தான். ஆனால் அவளைச் சந்தைப்படுத்த யாரும் இல்லாமல் போவதும் அதே காரணத்தால். சுவரொட்டி இல்லை, பாட்டு வெளியீடு இல்லை, நேர்காணல் ஒழுங்கு செய்ய ஆள் இல்லை. ஆகவே படம் முடிந்த பிறகும் அவள் தெரியாத முகமாகவே இருக்கலாம்.

இதில் ஒரு குழப்பத்தைத் தெளிவாக்கிவிட வேண்டும். செலவு குறைந்த படமெல்லாம் சுயாதீனப் படம் அல்ல. 'கலைப்படம்' என்பதும் இதுவும் ஒன்றல்ல. சுயாதீனமாக எடுத்த பேய்ப்படமும் உண்டு, அரசு பணம் கொடுத்து எடுத்த கலைப்படமும் உண்டு. இலங்கைத் தமிழ்ப் படங்களைப் பொறுத்தவரை இந்த வேறுபாடே கொஞ்சம் வேடிக்கையாகிவிடுகிறது. இங்கே தியேட்டர்களை நிரப்புவது இந்தியப் படங்கள். சென்னையில் இருப்பதைப்போல ஒரு பெருந்தொழில் தமிழுக்கு இந்த நாட்டில் வளரவில்லை. ஆகவே மட்டக்களப்பில் யாராவது கமராவைத் தூக்கினால், விரும்பினாலும் விரும்பாவிட்டாலும் அவர் சுயாதீனப் படம்தான் எடுக்கிறார்.

சரி, அந்த நடிகையின் தொழில் வாழ்க்கை எப்படி இருக்கும்? இதற்கு நான் எப்போதும் எடுப்பது அர்ச்சனாவின் உதாரணம். காரணம் பாதி ஊர்ப்பாசம். அவர் ஊர் ஆந்திரா, ஆனால் அவருக்குப் பெரிய பாத்திரம் கொடுத்தவர் எங்கள் அமிர்தகழியில் பிறந்த பாலு மகேந்திரா. மட்டக்களப்பில் இருந்து புறப்பட்டு, புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து, தென்னிந்திய சினிமாவில் இயற்கை வெளிச்சத்துக்குப் பெயர்போன அதே பாலு மகேந்திராதான்.

'வீடு' படத்தில் அர்ச்சனாவுக்கு சுதா என்ற பாத்திரம். சென்னையில் வேலைக்குப் போகும் நடுத்தரக் குடும்பத்துப் பெண். தங்கையும் வயதான தாத்தாவும் கூட இருக்கிறார்கள். வாடகை வீட்டை விட்டு எழும்ப வேண்டிய நிலை வந்ததால் ஒரு வீடு கட்டத் தொடங்குகிறாள். கடன், கையூட்டு, சீமெந்து, ஏமாற்றும் ஒப்பந்தக்காரர், இவ்வளவுதான் கதை. பாட்டு ஒன்றும் கிடையாது. தன் தாயார் வீடு கட்டியபோது பட்ட பாடுதான் இந்தப் படத்துக்கு விதை என்று பாலு மகேந்திரா சொல்லியிருக்கிறார். மட்டக்களப்பில் வீடு பெரும்பாலும் பெண்ணுக்குரியது, மகளுக்குச் சீதனமாகப் போவது, தாய்வழியில் இறங்குவது. மகளுக்கு வீடு கட்டி முடிக்கும்வரை தாய்மார் எப்படி நடமாடுவார்கள் என்று இந்தப் பக்கத்தில் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. சென்னையில் எடுத்த அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு என் அம்மா, "இது நம்மட கதைதானே" என்று சொன்னது அதனால்தான் என்று நினைக்கிறேன்.

அந்தப் பாத்திரத்துக்காக 1987-ஆம் ஆண்டுக்கான இந்தியத் தேசிய விருது அர்ச்சனாவுக்குக் கிடைத்தது. அடுத்த ஆண்டுக்கான விருதும் அவருக்கே, பி. நரசிங்க ராவ் தெலுங்கில் இயக்கிய 'தாசி' படத்துக்காக. அதில் தெலங்கானா நிலக்கிழார் ஒருவரின் மாளிகையில் அடிமையாக இருக்கும் பெண் அவர். இரண்டு ஆண்டுகள் அடுத்தடுத்து நாட்டின் சிறந்த நடிகை! வணிக சினிமாவின் கணக்குப்படி பார்த்தால் அதற்குப் பிறகு படங்கள் வந்து குவிந்திருக்க வேண்டும். குவியவில்லை. 1989-இல் மீண்டும் பாலு மகேந்திராவின் 'சந்தியா ராகம்', பிறகு அங்கொன்றும் இங்கொன்றும், பிறகு நீண்ட இடைவெளி. 2007-இல் தங்கர் பச்சானின் 'ஒன்பது ரூபாய் நோட்டு' படத்தில் சத்யராஜுக்கு மனைவியாக அவரைப் பார்த்தபோது, "இவ எங்க போயிருந்தா?" என்று கேட்டவர்கள் பலர்.

நான் மருமகளுக்கு அழுத்திச் சொன்னது இந்த இடைவெளியைத்தான். வணிக சினிமாவில் வருடம் இரண்டு படமாவது வராவிட்டால் 'மார்க்கெட் போச்சு' என்பார்கள். அது படிக்கட்டு மாதிரி, ஏறாவிட்டால் இறக்கம்தான். சுயாதீன சினிமா எங்கள் மானாவாரி வயல் மாதிரி. மாரி மழைக்கு ஒரு போகம், மற்ற மாதங்களில் வேறு வேலை. வயல் சும்மா கிடக்கும் காலத்தைப் பார்த்து அந்த மனிதன் விவசாயி இல்லை என்று யாரும் சொல்வதில்லையே.

ஆனால் இதை அழகாகச் சொல்லிவிட்டுப் போக எனக்கு விருப்பமில்லை. இடைவெளிக்குள் சோறு தின்ன வேண்டும். ஆகவே பணத்தைப் பற்றிக் கொஞ்சம் நீட்டிப் பேசுகிறேன்.

சுயாதீனப் படத்தில் நடிகைக்கு மூன்று விதமாகச் சம்பளம் பேசுவார்கள். ஒன்று நாட்கூலி, அல்லது முழுப் படத்துக்கும் ஒரு தொகை. இது நல்லது. இரண்டாவது, "இப்ப கொஞ்சம், படம் வித்தால் மிச்சம்." மூன்றாவது, "சம்பளம் இல்லை, ஆனால் படம் விழாக்களுக்குப் போகும், உமக்குப் பெயர் வரும்." இந்த மூன்றாவதைக் கேட்டவுடனே எழும்பி ஓட வேண்டும் என்று நான் சொல்லமாட்டேன். கூடப் படிக்கிறவன் தன் முதல் குறும்படத்துக்குக் கேட்கிறான் என்றால் சரி, அவனிடமும் ஒன்றும் இல்லை. ஆனால் கமராக்காரருக்குச் சம்பளம், சாப்பாட்டுக்காரருக்குச் சம்பளம், வானுக்கு வாடகை, நடிகைக்கு மட்டும் பெயர் என்றால் அங்கே ஏதோ பிழை இருக்கிறது.

இரண்டாவது விதத்தில் பேசினால் கட்டாயம் எழுத்தில் வேண்டும். எத்தனை நாள், போக்குவரத்துச் செலவு யாருடையது, இரவு தங்கல் எங்கே, மிச்சப் பணம் எப்போது, எந்த வருமானத்தில் எத்தனை வீதம், இணையத்தில் வெளியிட்டால் அதிலும் பங்கு உண்டா. ஒரு பக்கம் போதும். பல வருடங்களுக்கு முன் ஒரு குறும்படத்துக்கு ஒலிப்பதிவில் உதவிக்குப் போனேன். வாயால் பேசிய கூலி. படம் முடிந்தது, இயக்குநர் போன் எடுப்பதை நிறுத்தினார். அதில் நடித்த பிள்ளைக்கு பஸ் காசுகூட வரவில்லை. அந்தப் படத்தின் பிரதி ஒன்று கேட்டாள், அதுவும் கிடைக்கவில்லை. பணம் போனது ஒரு பக்கம். நடித்ததைக் காட்டக் கையில் ஒன்றும் இல்லாமல் போனதுதான் அவளுக்குப் பெரிய நட்டம். ஆகவே நடித்த படத்தின் பிரதி, அல்லது தான் வரும் காட்சிகளின் பிரதியாவது தர வேண்டும் என்பதையும் அந்த ஒரு பக்கத்தில் எழுத வேண்டும். அடுத்த இயக்குநருக்குக் காட்ட அவளிடம் வேறு என்ன இருக்கிறது?

மற்ற மாதங்களில் இவர்கள் செய்வது பெரும்பாலும் நடிப்புக்கு அயல்வீட்டு வேலைகள். பள்ளிக்கூடங்களில் நாடகம் பழக்குவது, வானொலி அறிவிப்பு, விளம்பரங்களுக்குக் குரல் கொடுப்பது, தொலைக்காட்சி நிகழ்ச்சி, விழிப்புணர்வு வீதி நாடகம். இந்த வேலைகளை 'வழி தவறிப் போனது' என்று நினைக்கும் பழக்கம் எங்களிடம் உண்டு. எனக்கு அப்படித் தெரியவில்லை. வீதி நாடகத்தில் வாழைச்சேனைச் சந்தை இரைச்சலுக்கு நடுவே ஆட்களை நிறுத்தி வைக்கத் தெரிந்தவளுக்கு ஒரு கமரா என்ன பயம் காட்டிவிடும்?

பயம் காட்டாது, ஆனால் குழப்பும். அதையும் சொல்ல வேண்டும். எங்கள் ஊர் நடிப்பின் வேர் கூத்தில் இருக்கிறது. வடமோடி, தென்மோடி என்ற இரண்டு பாணிகளில் எதுவானாலும், களரி என்ற வட்டமான ஆடுகளத்தைச் சுற்றி நாலு பக்கமும் ஆட்கள். குரல் களரிக்கு வெளியே நிற்பவனுக்கும் போக வேண்டும், உடம்பு இரவு முழுக்க ஆட வேண்டும். நீண்ட காலம் பெண் வேடத்தையும் ஆண்களே கட்டினார்கள். இன்று பெண்கள் ஆடுகிறார்கள், பல்கலைக்கழகத்தில் படிக்கிறார்கள். காரைதீவில் பிறந்த விபுலானந்தர் 1926-இலேயே ஷேக்ஸ்பியரின் நாடகங்களையும் வடமொழி நாடக இலக்கணத்தையும் பக்கத்தில் பக்கமாக வைத்து 'மதங்க சூளாமணி' எழுதியவர். அவர் பெயரிலுள்ள நிறுவகத்தில் எங்கள் பிள்ளைகள் நடிப்புப் படிப்பது பொருத்தம்தான். ஆனால் களரியில் பழகிய உடம்பு கமராவுக்கு முன்னால் வந்தால் எல்லாமே ஒரு சுற்றுப் பெரிதாகத் தெரியும். கமரா பக்கத்தில் நிற்கிறது. கண் இமை அசைந்தால் அது பார்க்கும். மருமகளின் முதல் குறும்படத்தில் அவள் அழும் காட்சியைப் பார்த்து நானே, "யாருக்குக் கேக்க அழுற?" என்று கேட்டேன். கோபித்துக்கொண்டாள். இரண்டாவது படத்தில் அழவில்லை, தேங்காய் துருவிக்கொண்டே இருந்தாள். அது அழுகையைவிட நன்றாக இருந்தது.

குரலைப் பற்றியும் ஒரு வார்த்தை. தமிழ் வணிக சினிமாவில் திரையில் ஒரு நாயகி வாய் அசைப்பார், குரல் வேறொருவருடையது. இது பழகிப்போன நடைமுறை. சுயாதீனப் படங்கள் பலவற்றில் படப்பிடிப்பு இடத்திலேயே நேரடியாக ஒலி பதிவார்கள். அங்கே நடிகையின் குரலும் பேச்சும் அவளுடையதாகவே இருக்க வேண்டும். 'மறுகா' என்றும் 'இரிக்கி' என்றும் அவள் பேசுவது குறையாகாது, அந்தப் பாத்திரத்துக்கு வேறு யாராலும் கொடுக்க முடியாத சரக்கு அது. யாழ்ப்பாணத் தமிழை மட்டுமே இலங்கைத் தமிழ் என்று நினைத்து எழுதிய வசனத்தை மட்டக்களப்புப் பெண் ஒருத்தி பேச நேர்ந்தால், "இப்படி எங்கட பக்கம் பேசமாட்டம்" என்று மெதுவாகச் சொல்லலாம். நல்ல இயக்குநர் கேட்பார். நேரடி ஒலியில் தொல்லையும் உண்டு. கல்லடிக் கடற்கரையில் எடுத்தால் அலைச்சத்தம் வசனத்தை விழுங்கும். ஊருக்குள் எடுத்தால் காகம், கோயில் ஒலிபெருக்கி, பாங்கு, மீன்காரரின் ஹோர்ன். ஒவ்வொன்றும் முடியும்வரை காத்திருந்து, அதே உணர்ச்சியைத் திரும்பவும் கொண்டு வர வேண்டும். வெளிச்சத்துக்கும் இதே காத்திருப்பு. பெரிய விளக்குகள் இல்லாதபோது காலையும் மாலையும் கிடைக்கும் மென்மையான வெளிச்சத்துக்குள் முக்கியக் காட்சிகளை முடிக்க ஓடுவார்கள். நடுப்பகல் முழுக்கச் சும்மா இருக்க நேரும்.

சும்மா இருப்பது எங்கே? உடுப்பு மாற்ற எங்கே? மலசலகூடம் எங்கே? பத்துப் பன்னிரண்டு ஆண்களுக்கு நடுவே சில நேரம் அவள் ஒருத்திதான் பெண். கேட்க வெட்கப்பட்டுப் பல பிள்ளைகள் தண்ணீர் குடிக்காமல் இருக்கிறார்கள். ஷூட்டிங்குக்கு முதல்நாளே இதைக் கேட்டுவிட வேண்டும். கேட்டதற்காக முகம் சுளிக்கிற குழுவோடு போகத் தேவையில்லை.

அப்புறம் படம் எடுத்து முடிந்தது. எப்போது வெளியே வரும்? இந்தக் கட்டத்தில்தான் சுயாதீன நடிகையின் வாழ்க்கை ஊருக்கு மிகவும் விளங்காமல் போகிறது. படத்தை உடனே தியேட்டருக்கோ யூடியூபுக்கோ கொடுத்துவிடமாட்டார்கள். பெரிய விழாக்களின் போட்டிப் பிரிவுகள் பெரும்பாலும் வேறெங்கும் காட்டாத படத்தைத்தான் கேட்கும். வருடத்தின் தொடக்கத்தில் ரொட்டர்டாம், பெப்ரவரியில் பெர்லின், மே மாதம் கான், ஓகஸ்ட் கடைசியில் வெனிஸ் தொடங்கும், ஒக்டோபர் பக்கம் பூசான். ஒன்றில் 'இல்லை' என்று பதில் வந்தால் அடுத்ததற்கு அனுப்பிக் காத்திருப்பார்கள். விழாவில் ஓடிய பிறகுதான் விற்பனைப் பேச்சு. இதற்குள் ஒரு வருடம் போகும், இரண்டு வருடமும் போகும். படம் வரும் நேரத்தில் நடிகையின் முடிகூட வேறு நீளத்தில் இருக்கும். அவள் நடித்த வேலையும் அவளுக்குப் பெயர் கிடைக்கும் நாளும் ஒரே வருடத்தில் விழுவது அபூர்வம்.

எங்கள் பக்கத்திலிருந்து அப்படிப் போன படத்துக்கு ஒரு உதாரணம், அசோக ஹந்தகம யாழ்ப்பாணத்தில் தமிழில் எடுத்த 'இனி அவன்'. 2012-இல் கான் நகரில், சுயாதீன சினிமாவின் விநியோகத்துக்கான பிரெஞ்சுச் சங்கம் நடத்தும் அசிட் பிரிவில் அது காட்டப்பட்டது. போருக்குப் பின் ஊர் திரும்பும் ஒரு முன்னாள் போராளியின் கதை. அதில் நடித்த நிரஞ்சனி சண்முகராஜா, சுபாஷினி பாலசுப்ரமணியம் இருவரும் இங்கே வீட்டுக்கு வீடு தெரிந்த பெயர்களா? கலியாண வீட்டுப் பெரியம்மாவிடம் கேட்டால் தெரியும்.

இன்னும் பெரிய உதாரணம் காளீஸ்வரி சீனிவாசன். சென்னை நாடக மேடையிலிருந்து வந்தவர். பிரெஞ்சு இயக்குநர் ஜாக் ஓடியார் எடுத்த 'தீபன்' அவருக்கு முதல் படம். போரிலிருந்து தப்ப, முன்பின் தெரியாத ஒரு ஆணோடும் ஒரு சிறுமியோடும் குடும்பம்போல் நடித்துப் பிரான்சுக்குப் போகும் ஈழத்துப் பெண்ணாக வந்தார். படம் முழுக்கப் பெரும்பாலும் தமிழ். 2015-இல் கான் விழாவின் மிக உயர்ந்த விருதான தங்கப் பனை அந்தப் படத்துக்குக் கிடைத்தது. முதல் படத்திலேயே அந்த உயரம். அதற்குப் பிறகு எங்கள் தியேட்டர்களில் அவர் முகம் வரிசையாக வந்ததா? வரவில்லை. சென்னைத் தயாரிப்பாளரின் கணக்குப் புத்தகமும் கான் நடுவர் குழுவின் கணக்குப் புத்தகமும் வேறு வேறு. ஒன்றில் வரவு வைத்தது மற்றதில் தானாக ஏறாது. இதை ஒரு புதிய நடிகை தொடக்கத்திலேயே தெரிந்து வைத்திருந்தால் பல ஏமாற்றங்கள் குறையும்.

இப்படிச் சொல்லிக்கொண்டு போக மருமகள் இடைமறித்து, "அப்ப வணிகப் படத்தில கூப்பிட்டா போகக்கூடாதா மாமா?" என்றாள். யார் சொன்னது? அர்ச்சனாவும் வணிகப் படங்களில் நடித்தவர்தான். போகலாம், சம்பளம் வாங்கலாம், திரும்பி வந்து குறும்படத்தில் தேங்காயும் துருவலாம். சுயாதீனம் என்பதைத் தீட்டுக் காப்பது மாதிரிக் காப்பவர்களை எனக்குப் பிடிக்காது. அவர்களில் பலருக்கு வேறு சம்பளம் இருக்கிறது.

அவளுடைய இரண்டாவது குறும்படம் இப்போது விழாக்களுக்குப் போய்க்கொண்டிருக்கிறது. மூன்று இடங்களிலிருந்து 'இல்லை' என்று வந்துவிட்டது. நாலாவது இடத்திலிருந்து இன்னும் பதில் இல்லை. வருகிற கிழமை கொக்கட்டிச்சோலைப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு நாடகம் பழக்கப் போகிறாள். போக்குவரத்துச் செலவை யார் தருவது என்று முதலிலேயே கேட்டு, எழுத்தில் வாங்கிவிட்டாளாம்.